உள்ளே வந்தால் விக்கெட் விழும்

கடலூர் மாவட்ட அணிக்குப் பதினோரு ஆண்டுகள் சுழற்பந்து வீசி, 2004-இல் முழங்கால் மறுத்துவிட்டதால் ஓய்வு பெற்றேன். ஊரில் யாருக்கும் அது தெரியாது. ஆடியதே தெரியாதபோது ஓய்வு எப்படித் தெரியும்? ஒருமுறை சிதம்பரத்தில் ஆறு விக்கெட் எடுத்த கையோடு, வெள்ளை உடுப்பில் பஸ் ஏறினேன். கண்டக்டர் ஆவலாக, "ஸ்கோர் என்னா சார்?" என்றார். பெருமையாகச் சொல்ல ஆரம்பித்தேன். "அட, இந்தியா ஸ்கோர கேட்டேன் சார்" என்று டிக்கெட்டைக் கிழித்தார்.

என் ஆட்டத்தின் அருமை தெரிந்தவன் எங்கள் விக்கெட் கீப்பர் ஒருவன்தான். சிறுவயதில் இலங்கையிலிருந்து படகில் வந்து, இங்கே அகதி முகாமில் வளர்ந்தவன். நான் கன்னாபின்னாவென்று வீசிய பந்துகளையெல்லாம் பாய்ந்து பிடித்து என் மானத்தைக் காப்பாற்றியவன்.

2011 உலகக் கோப்பை இறுதிப் போட்டி. இந்தியாவும் இலங்கையும். கடலூரில் என் வீட்டு டிவி முன்னால் பழைய அணி கூடியிருந்தது. "இன்னிக்கு நீ எந்தப் பக்கம்டா?" என்று கீப்பரைச் சீண்டினார்கள்.

"அடிச்சுத் துரத்தின நாட்டுக்கு ஆராவது கை தட்டுவினமோ?" என்று சிரித்தான்.

இந்தியா ஆட வந்தது. அவன் தண்ணீர் குடித்துவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தான். இரண்டாவது பந்திலேயே விக்கெட். வெளியே போய் போன் பேசிவிட்டு வந்தான், இன்னொரு விக்கெட். டிவி பார்ப்பதில் எங்களுக்கு ஒரு சட்டம் உண்டு. யார் அசைந்து விக்கெட் விழுகிறதோ, அவர் வெளியே போக வேண்டும். எங்களோடு ஆடிய இயற்பியல் வாத்தியாரே மதிக்கும் சட்டம் அது.

"மச்சான், செத்த நேரம் வெளிய நில்லுடா" என்றேன். "நாட்டுக்காக" என்று வேறு சேர்த்துக்கொண்டேன்.

எழுந்து வெளியே போனான். அதன்பிறகும் இரண்டு விக்கெட் விழுந்தது. அதற்காக யாரையும் வெளியே அனுப்பவில்லை. ஆட்டம் சூடு பிடித்ததும் அவனை மறந்தே போனோம்.

கடைசி சிக்ஸர் பறந்தது. "ஜெயிச்சிட்டோம்!" என்று கட்டிப்பிடித்துக் குதித்தோம், என் முழங்காலும் அன்றைக்குத் தேசபக்தியோடு ஒத்துழைத்தது. பட்டாசுப் பையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு ஓடினேன். மாடிப்படியில் அவன் உட்கார்ந்திருந்தான். எனக்குக் கூசிப்போயிற்று.

"வெண்டாச்சோ மச்சான்?" என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினான்.

"ஜெயிச்சாச்சுடா."

"அப்ப இனி நான் உள்ள வரலாமோ?"