படத்தில் வராத குரல்

கருவாடு காயப்போட்டுக்கொண்டு நின்றேன். பக்கத்து வீட்டு மச்சாள் வந்து என் கையிலிருந்த கூடையை வாங்கிக் கீழே வைத்தா. அவ அப்படி ஒருத்தரின் வேலையை வாங்கிச் செய்கிற ஆள் இல்லை. "சிலாபம் ஆஸ்பத்திரியால போன் கோல் வந்தது" என்றா. என் மனுசனை அங்கேதான் வைத்திருந்தார்கள். மிச்சத்தை நான் கேட்கவில்லை. கை முழுக்க உப்பு. கண்ணைத் துடைக்கவும் ஏலாமல் அப்படியே நின்றேன்.

இவருடைய முப்பத்தோராம் நாளுக்குப் போடுகிற நினைவு மலருக்கு நானும் எழுதவேண்டும் என்று மருமகன் சொன்னார். மற்றவர்கள் இவரைக் கலைஞர் என்று எழுதியிருக்கிறார்கள். எனக்கு அப்படி எழுத வராது. என் மனுசன் முத்துவேல் உடப்பில் கரைவலை இழுத்தவர். படக்காரர் கூப்பிட்டால் போய், படத்தில் துவக்குச் சூடுபட்டுச் செத்துவிட்டு வந்தவர். இரண்டும் உடம்பை முறிக்கிற வேலைதான்.

நாங்கள் கலியாணம் முடித்த புதிதில் கற்பிட்டி மணலில் ஒரு சிங்களப் படம் எடுத்தார்கள். வெள்ளைக்காரரின் குதிரைப் படங்களைப் பார்த்து எடுத்தது. தொப்பி, துவக்கு, கொள்ளைக்கூட்டம் எல்லாம் இருந்தது. இவர் சாமான் தூக்கப் போனவர். கொள்ளைக்காரனாக வரவேண்டிய ஒருவன் குதிரைக்குப் பயந்து ஓடிவிட, இவரைப் பிடித்து ஏற்றினார்கள். விழச் சொன்னார்கள், விழுந்தார். நல்லாய் விழுந்தாராம். அதற்குப் பிறகு விழுகிறதற்கென்றே கூப்பிட்டார்கள். "தலைவன் சாக முன்னம் ரெண்டு பேர் சாகோணும், இல்லாட்டி சனம் நம்பாது. அதில ஒருத்தன் நான்" என்பார். நான் எண்ணெய் தேய்த்துவிட்ட முதுகை அந்தப் படங்களில் யாரும் கண்டிருக்க மாட்டார்கள்.

புத்தளத்துக்கு இங்கிலீசுக் குதிரைப் படம் வந்தால் என்னையும் கூட்டிப்போவார். எனக்கு ஒரு சொல்லும் விளங்காது. எல்லாரும் கதாநாயகனைப் பார்ப்பார்கள், இவர் பின்னுக்கு நிற்கிறவனைப் பார்ப்பார். ஒரு கிழட்டு முகம் எல்லாப் படத்திலும் வரும். ஒன்றில் சாராயக் கடைக்காரன், இன்னொன்றில் வண்டி ஓட்டுகிறவன். அந்த முகம் வந்ததும் என்னை முழங்கையால் இடித்து, "எங்கட ஆள் வந்திட்டான்" என்பார். வெளியே வந்து, "அவனைக் கதைக்க விடுறாங்கள், பார்த்தியா" என்பார்.

இவரை யாரும் கதைக்க விடவில்லை. சிங்களம் தெரியும், ஆனால் நம்முடைய தமிழ் இழுவை அதில் வந்துவிடும். காலமும் சண்டை நடந்த கெட்ட காலம். "நீ வாயைத் திறக்காதே, முறைச்சாப் போதும்" என்று சொல்லி நிறுத்துவார்களாம். அந்தப் படங்களால் கிடைத்த நன்மை ஒன்றைச் சொல்லவேண்டும். ஒருமுறை சோதனைச் சாவடியில் எங்களைப் பஸ்ஸால் இறக்கினபோது ஆமிக்காரன் ஒருவன் இவரை உற்றுப் பார்த்து, "நீ செத்த ஆளெல்லோ" என்று சிங்களத்தில் சொல்லிச் சிரித்து விட்டுவிட்டான். அன்றைக்கு நாங்கள் இருவரும் நடுங்கிக்கொண்டே சிரித்தோம்.

சண்டை முடிந்து சில வருசத்தில் கொழும்பிலிருந்து இளந்தாரிகள் வந்தார்கள். பழைய குதிரைப் படம் மாதிரித் தமிழில் எடுக்கப்போகிறோம் என்றார்கள். கதைக்கிற ஒரு பாத்திரம் கிடைத்தால் தீ மிதிப்பேன் என்று இவர் அம்மனுக்கு நேர்ந்தார். கிடைத்தது. சாராயக் கடைக்காரக் கிழவன். சுடப்படவும் மாட்டான். துவக்கோடு வருகிற பெடியனிடம் ஒரே ஒரு வசனம்: "தம்பி, முதல்ல தண்ணியக் குடி. குதிரைக்கும் குடு. சுடுறதைப் பிறகு யோசிப்பம்."

அதை என்னிடம் சொல்லிச் சொல்லிப் பார்த்தார். வலை இழுக்கிற குரல்தானே, முதலில் கத்தினார். "பெடியன் பக்கத்திலதானே நிக்கிறான், தணிச்சுச் சொல்லுங்கோ" என்றேன். பிறகு மெல்ல, பசித்தவனுக்குச் சோறு போடுகிற மாதிரிச் சொன்னார்.

படம் எடுத்து முடிந்தது. ஆடித் திருவிழா வந்தது. நேர்த்திக்கு இவர் காப்புக் கட்டினார். கட்டினால் திருவிழா முடியும்வரை ஊர் எல்லையைத் தாண்டக்கூடாது. அந்த நேரம் பார்த்துக் கொழும்பிலிருந்து கோல். கடற்காற்றில் குரல் ஒன்றும் பதியவில்லையாம், ஸ்டூடியோவுக்கு வந்து திரும்பப் பேசவேண்டுமாம். திருவிழா முடிய வாறேன் என்று கேட்டுப் பார்த்தார். அவர்களுக்குப் பிந்த ஏலாதாம்.

"ஒரு நாள்தானே, போயிட்டு வாங்கோ. உங்கட ஆசை அம்மாளுக்குத் தெரியாததே?" என்றேன்.

"தெரிஞ்சுதானே தந்தவ. தந்ததை வாங்கிப்போட்டு எல்லையைத் தாண்டுறதோ?"

கொழும்புக்குப் போகவில்லை. தீ மிதித்தார். காலில் ஒரு கொப்புளமும் இல்லை.

சிலாபம் தியேட்டருக்கு ஊரே போனது. திரையில் இவர் வாயைத் திறந்தார். வேறு யாரோ ஒருத்தனின் குரல் வந்தது. சுத்தமான, வழவழப்பான குரல். நான் இருட்டில் இவர் பக்கம் திரும்பி, "இது உங்கட குரல் இல்லையே" என்றேன். "வாய் என்ட வாய்தானே" என்றார்.

பஸ்ஸில் வரும்போது வலைக்காரப் பெடியன்கள் விடவில்லை. "என்ன முத்துவேலண்ணே, கொழும்புக் காத்துப் பட்டுத் தமிழ் மாறிட்டுதோ?"

"டேய், இந்த முறை நான் சாகல்ல. அதைப் பார்த்தீங்களோ?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். வீட்டுக்கு வந்து சோறு வேண்டாம் என்று படுத்துவிட்டார்.

அதற்குப் பிறகு படமென்று யாரும் கூப்பிடவில்லை. ஆனால் ஒவ்வொரு ஆடியிலும் காப்புக் கட்டினார். என்ன நேர்த்தி என்று நான் கேட்கவில்லை.

முப்பத்தோராம் நாள் சாப்பாட்டுக்குப் பிறகு அந்தப் படத்தைப் போடப்போவதாகப் பெடியன்கள் சொல்கிறார்கள். போடட்டும். வருகிற எல்லாரும் இருந்து பாருங்கோ. சாராயக் கடை வருகிற இடத்தில் மட்டும் சத்தத்தை நிற்பாட்டி விடுங்கோ. அவர் வாய் அசைகிறபோது நான் சொல்லுகிறேன். எந்தச் சொல்லில் இழுப்பார், எங்கே மூச்சு விடுவார், எல்லாம் என்னிடம் இருக்கிறது.