பாம்புக்காதுக்காரியின் ஈரத்துணி

என் மனைவிக்குக் குவாரியில் வைத்த பெயர் பாம்புக்காது. கூரைக்குப் போடும் சிலேட்டுக்கல் ஓட்டைக் கையில் தொங்கவிட்டு, உளிப்பிடியால் ஒரு தட்டு தட்டுவாள். கணீரென்றால் நல்ல ஓடு; சொத்தென்றால் உள்ளே விரிசல். "தூக்கிப் போடு" என்பாள், மறுபேச்சு கிடையாது. லாரியில் ஓடு ஏற்றுகிற எனக்கு எல்லாம் ஒரே சத்தமாகத்தான் கேட்கும்.

அவள் கல் பிளப்பதைப் பார்க்கவேண்டும். எங்கள் மலை ஒரு காலத்தில் கடலடியில் கிடந்த சேறு. அடுக்கடுக்காகப் படிந்து, பிறகு பூமி போட்டு நெருக்கியதில் கல்லானது. சேறு படிந்த வரிகள் இன்றும் தெரியும். புதிதாக வருகிறவன் அந்த வரியில்தான் உளியை வைப்பான். கல் சில்லுச் சில்லாகப் போகும். கல் பிளப்பதோ நெருக்கலில் உண்டான இழையில், வரிக்குக் குறுக்கே. அவள் உளி வைத்தால் புத்தகம் மாதிரித் திறக்கும். பெருமைக்குச் சொல்லவில்லை. சரி, பெருமைக்குத்தான் சொல்கிறேன்.

கல் அறுக்கும் இயந்திரத்தின் பக்கத்திலேயே உட்கார்ந்து உட்கார்ந்து அந்தக் காது போய்விட்டது. எங்கள் மேஸ்திரி அவளுடைய தம்பிதான். என்னிடம் வந்து தலையைச் சொறிந்தான்.

"மாமா, அக்காவை வீட்ல இருக்கச் சொல்லுங்க. ஒரு விரிசல் ஓடு கூரைக்குப் போச்சுன்னா எவன் தலையிலயாவது விழுந்துடும்."

"நீயே சொல்லிக்கோ மாப்ள. எனக்கு உயிர் மேல ஆசை இருக்கு."

அவளிடம் போய்க் கையைக் காட்டி, வாயசைத்துச் சொன்னான். அவள் உளியைக் கீழே வைக்கவில்லை.

"நல்லதையும் கெட்டதையும் கலந்து கொண்டா. தட்டாமலே பிரிக்கிறேன். ஒண்ணு தப்பினாலும் உளியை உன்கிட்ட குடுத்துட்டுப் போயிடறேன்."

உளியில்லாமல் இவள் வீட்டில் என்னத்தைப் பிளப்பாள்? என்னைத்தான்.

அவன் ஒவ்வொன்றாகத் தட்டிக் கேட்டு, நல்ல ஓடுகளோடு விரிசல் ஓடு இரண்டைக் கலந்து அடுக்கினான். அவள் வாளியில் துணியை நனைத்து எல்லாவற்றையும் துடைத்தாள், சுவரில் சாய்த்தாள், கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். குவாரிக் கொட்டகையே வேடிக்கை பார்க்கிறது, இவள் சும்மா இருக்கிறாள்!

"அடியே, தூங்கிட்டியா?" என்றேன். நல்லவேளை, கேட்கவில்லை.

ஓடுகள் காய்ந்து கறுப்பிலிருந்து சாம்பல் நிறத்துக்கு வந்தன. ஒன்றில் முடியளவு கறுப்புக் கோடு மட்டும் காயாமல் நின்றது. விரிசல் தண்ணீரைக் குடித்து வைத்திருந்தது. அதை எடுத்துத் தள்ளி வைத்தாள். இன்னொன்றையும் எடுத்தாள். அப்பாடா என்றிருந்தது. பாவி, மூன்றாவதிலும் கை வைத்தாள்.

"அது நல்ல ஓடு மாமா," என்றான் மச்சான். அவளிடமிருந்து வாங்கித் தட்டினான். கணீரென்றது.

அவள் ஓட்டைத் திரும்ப வாங்கி, ஓரத்தில் இரண்டு கட்டைவிரலையும் வைத்து அழுத்தினாள். அதிலும் இருந்த மெல்லிய ஈரக்கோட்டிலேயே பட்டென்று உடைந்தது.

மச்சான் துண்டுகளைப் பொறுக்கி ஓரமாகப் போட்டான். பிறகு அவள் முகத்துக்கு நேரே போய், குவாரியே அதிரக் கத்தினான்: "நாளைக்கும் வந்துடு அக்கா!"

"ஏன்டா கத்துற? கழுத்து நரம்பெல்லாம் புடைக்குது பாரு."

ஈரத்துணியால் அவன் கழுத்தைத் துடைத்துவிட்டு, அடுத்த கல்லைத் தன் பக்கம் இழுத்தாள்.