மூன்றாவது பூ

நான் பால் வாங்கப் போகிற கடையில், ரொட்டி அடுக்கு முடிகிற இடத்தில், வருஷத்துக்கு ஒரு தடவை மெல்லிய புத்தகங்களைக் கட்டுக்கட்டாக வைத்துவிடுவார்கள். காசு கிடையாது, வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம். எந்த மலையில் எந்த மிருகத்தை எந்த மாதம் சுடலாம், அதற்கு யாரிடம் எப்படி மனுப் போட வேண்டும் என்பதெல்லாம் அதில் இருக்கும். பனி உருகி ரோடெல்லாம் சேறாகக் கிடக்கிற பருவம் அது. நம்மூரில் பஞ்சாங்கத்தைப் புரட்டுகிற மாதிரி இந்த ஊர் ஆண்கள் அதைக் கடை வாசலிலேயே நின்று புரட்டுவார்கள். அந்த ஒரு மாதம் யாரும் யாரிடமும் சுகம்கூட விசாரிப்பதில்லை. "எதற்குப் போட்டிருக்கிறாய்?" என்பதுதான் கேள்வி. முதல் தடவை என்னிடம் கேட்டபோது, கடுங்குளிருக்கு நான் போட்டிருந்த இரண்டு ஸ்வெட்டரைப் பற்றிக் கேட்கிறார்களாக்கும் என்று நினைத்து, குளிருக்கு என்றேன்.

விஷயம் இதுதான். அமெரிக்காவின் மேற்கே, ராக்கி மலைகளின் காலடியில் இருக்கிற இந்த மாநிலத்தில் காட்டு மிருகமெல்லாம் சர்க்காரின் பொறுப்பு. சின்ன மான் சுடக் கடையிலேயே சீட்டு வாங்கிக்கொள்ளலாம். பெரிய மிருகங்களுக்குக் கேட்கிறவர்கள் ஏராளம், கொடுக்கிற அனுமதியோ கொஞ்சம். அதனால் வந்த மனுக்களையெல்லாம் சேர்த்துச் சர்க்காரே குலுக்கல் போடுகிறது. பேர் விழுந்தால் ஒரு மிருகம். விழாவிட்டால் அடுத்த வருஷம். சர்க்கார் லாட்டரி என்றால் எனக்குத் தெரிந்தது, கேரள எல்லையில் கோபாலபுரம் செக்போஸ்ட்டில் பஸ் நின்றதும் ஜன்னலுக்கு ஜன்னல் நீட்டுவார்களே, அந்தக் கேரள லாட்டரிதான். அதில் விழுந்தால் லட்சாதிபதி. இதில் விழுந்தால் பனியில் மலையேறி மூச்சிரைக்க வேண்டும். இந்தக் குலுக்கலில்தான் நாங்கள் ஊர் திரும்புவதா வேண்டாமா என்பதையே போட்டோம். சிரிக்காதீர்கள். எங்கள் பக்கத்து ஆட்களாக இருந்தால் சிரிக்க மாட்டீர்கள்.

என் வீட்டுக்காரர் மண் பரிசோதனை படித்தவர். பாலக்காட்டில் சர்க்கார் வேலையில் இருந்தவர், சம்பளமில்லா லீவு போட்டுவிட்டு இங்கே ஒரு விவசாய ஆராய்ச்சிப் பண்ணைக்கு வந்தார். எழுபதுகள் பிறந்த புதிது. இரண்டு வருஷம் என்று சொல்லித்தான் என்னைக் கூட்டிவந்தார். கொல்லங்கோட்டுக்குக் கிழக்கே, நெல்லும் நிலக்கடலையும் விளைகிற வயல்காட்டுக்கு நடுவில் எங்கள் வீடு. அதில் மேற்கு அறை எங்களுடையது. ஜன்னலைத் திறந்தால் தென்மலை. ஆடி மாதம் மழை பிடித்துவிட்டால் மலைப்பாறையில் அருவி வெள்ளை நூலாக இறங்குவதைப் படுத்துக்கொண்டே பார்க்கலாம். நாங்கள் புறப்பட்ட அன்று என் மச்சாண்டார், அதாவது இவருடைய அண்ணன், அந்த அறையைப் பூட்டிச் சாவியை என் கையில் கொடுத்தார். "நீங்க வந்து தொறந்துக்கோங்க அம்மிணி. அதுவரைக்கும் ஒருத்தரும் தொட மாட்டாங்க" என்றார். இங்கே என் சமையலறை ஜன்னலிலும் மலைதான் தெரிகிறது. நல்ல பெரிய மலை. வருகிறவர்களெல்லாம் வாயைப் பிளக்கிறார்கள். எனக்கு அதைப் பார்க்கும்போதெல்லாம் வேறு மலைதான் ஞாபகம் வரும்.

இரண்டு வருஷம் மூன்றாயிற்று, நான்காயிற்று. லீவை நீட்டி நீட்டி எழுதிக்கொண்டே இருந்தார். இவர் வெள்ளிக்கிழமை போகலாம் என்பார், திங்கட்கிழமை இருக்கலாம் என்பார். அப்போது மச்சாண்டார் கடிதம் எழுதினார். மகனுக்குப் பெண் பார்க்கத் தொடங்கியிருக்கிறோம், நீங்கள் வருவதானால் மேற்கு அறை அப்படியே இருக்கட்டும், வராவிட்டால் பிள்ளைக்குக் கொடுத்துவிடலாம், எதுவானாலும் சொல்லுங்கள் என்று. கோபமில்லாமல், கெஞ்சலில்லாமல் கேட்டிருந்தார். இரண்டு நாள் இவர் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் கடையிலிருந்து அந்தப் புத்தகத்தை எடுத்துவந்து மேஜையில் வைத்தார்.

"பூக் கேட்டுப் பாத்தரலாம் புள்ள" என்றார்.

"இங்க ஏதுங்க அம்மன், ஏது பூ?"

"இந்தக் குலுக்கலே போதும். மூஸுக்கு மனுப் போடறேன். பேரு வந்துதுன்னா இங்கயே இருக்கறது. வரலீன்னா ஊட்டுக்கு. மூணு தடவ கேப்போம். ரெண்டு தடவ எது வருதோ அதுதான் வாக்கு."

பூக் கேட்பது தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். கிணறு வெட்ட, பெண் எடுக்க, நிலம் வாங்க, எதற்கும் எங்கள் அம்மன் கோயிலில் வெள்ளைப் பூவையும் சிவப்புப் பூவையும் தனித்தனி இலையில் மடித்து சந்நிதியில் போட்டு, ஒரு குழந்தையை விட்டு ஒன்றை எடுக்கச் சொல்வோம். வெள்ளை வந்தால் செய், சிவப்பு வந்தால் வேண்டாம். மூன்று தடவை கேட்டு, இரண்டு தடவை வருவதை எடுத்துக்கொள்வோம். எங்கள் கல்யாணத்துக்குக் கேட்டபோது முதலில் சிவப்பு வந்தது. என் அப்பா முகம் செத்துப்போயிற்று. அடுத்தது வெள்ளை. மூன்றாவதும் வெள்ளை. என்னை இவருக்குக் கொடுத்ததே அந்த மூன்றாவது பூதான். அதனால் இவர் சொன்னது எனக்குப் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றவில்லை.

இன்னொன்றும் கவனித்தேன். மூஸ் என்பது நம்மூர்க் கடமான் இரண்டைச் சேர்த்து, முகத்தை மட்டும் பிடித்து இழுத்துவிட்ட மாதிரி ஒரு மிருகம். குலுக்கலில் அதற்குப் பேர் விழுவதுதான் மிகக் கடினம். பத்துப் பதினைந்து வருஷமாகப் போட்டும் விழாதவர்கள் எங்கள் தெருவிலேயே இருந்தார்கள். சுலபமாகக் கிடைக்கிற மிருகத்தை விட்டுவிட்டு இவர் இதைப் பிடித்ததிலிருந்தே மனசு தெரிந்துவிட்டது. ஊருக்குப் போக ஆசை. போகிறேன் என்று தன் வாயால் சொல்ல பயம். ஆசை இருக்கிறவன் தராசைக் கொஞ்சம் சாய்த்துத்தான் பிடிப்பான். மனு உறையில் தபால் தலையை நானே ஒட்டினேன்.

முதல் வருஷம் பேர் வரவில்லை. கோடையில் அந்தக் கடிதம் வந்த அன்று நான் கேசரி கிண்டினேன். பக்கத்து வீட்டு டோரிஸ் ஆறுதல் சொல்ல வந்தவள், என் சிரிப்பைப் பார்த்துவிட்டு, ஏமாற்றத்தை எவ்வளவு நன்றாகத் தாங்கிக்கொள்கிறாய் என்று மெச்சினாள். அந்த வாரமே நான் பெரிய பெட்டி ஒன்று வாங்கினேன். மச்சாண்டாருக்கு இவர் உள்ளதை உள்ளபடி எழுதினார். ஒரு பூ வந்திருக்கிறது, ஊருக்கு வா என்கிறது, இன்னும் ஒன்று அப்படியே வந்தால் புறப்பட்டுவிடுவோம் என்று. அங்கிருந்து பதில் வந்தது. சரி, அறை பூட்டியே இருக்கும்.

அடுத்த வசந்தத்தில் மறுபடி மனுப் போட்டார். அந்த மூன்று மாதமும் நான் இருந்த இருப்பை என்ன சொல்ல. துணி மடிக்கும்போதே இது பெட்டிக்கு, இது இங்கே யாருக்காவது என்று பிரிப்பேன். தூக்கத்தில் தென்மலை அருவிச் சத்தம் கேட்கும். ஊர் வீட்டிலிருந்தேகூட அருவியைப் பார்க்கத்தான் முடியும், சத்தம் கேட்காது என்று எனக்கே தெரியும். இருந்தாலும் கேட்டது. ஒரு நாள் டோரிஸ் என் கையைப் பிடித்துக்கொண்டு, "இந்தத் தடவை உன் கணவருக்குக் கிடைக்க வேண்டுமென்று நான் தினமும் பிரார்த்தனை செய்கிறேன்" என்றாள். நான் பதறிப்போய், "வேண்டாம், வேண்டாம், தயவுசெய்து செய்யாதே" என்றேன். அவள் எனக்குத் துப்பாக்கி என்றால் பயம் என்று நினைத்துக்கொண்டு இரண்டு மடங்காகப் பிரார்த்தித்திருக்க வேண்டும்.

பேர் விழுந்துவிட்டது.

இவர் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு சமையலறை வாசலில் நின்றார். நான் அழுதேன். மறைக்கவில்லை, அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்து அழுதேன். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "போகுதுங்க, ஒண்ணுக்கு ஒண்ணு. மூணாவது இருக்குதல்ல, அடுத்த வருஷம் கேட்டுக்கலாம்" என்றேன். அதற்குள் டோரிஸின் கணவர் வால்ட்டர் ஓட்டமாக வந்துவிட்டார். இவரைக் கட்டிப்பிடித்துத் தூக்கிச் சுற்றினார். "அதிர்ஷ்டக்காரா, நன்றாக அனுபவி. இனி ஏழு வருஷத்துக்கு நீ கேட்க முடியாதே" என்றார்.

ஏழு வருஷமா என்று நான் தமிழிலேயே கேட்டுவிட்டேன். இவர் புத்தகத்தை எடுத்து அவரிடம் நீட்ட, அவர் ஒரு மூலையைக் காட்டினார். மூஸ் கிடைத்தவர் ஏழு வருஷம் மறுபடி அதற்கு மனுப் போடக் கூடாது. மற்றவர்களுக்கும் வாய்ப்பு வேண்டுமாம். நியாயமான சட்டம்தான். ஆனால் எங்கள் அம்மன் இப்படியொரு சட்டம் போட்டதே இல்லை. மூன்று பூவையும் ஒரே மூச்சில் கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்து காப்பி குடிப்போம்.

"ஏனுங்க, வேற மிருகத்துக்குக் கேட்டாப் போச்சு. இல்லாட்டி நாமளே முடிவு பண்ணிப் போயரலாமுங்க" என்றேன்.

"ஒரு சாமிகிட்ட ரெண்டு பூக் கேட்டுப்போட்டு மூணாவத வேற கோயல்ல கேப்பாங்களா புள்ள?" என்றார். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. பெட்டியை எட்டி உதைத்தேன். ஆனால் அவர் கண்ணைப் பார்த்தபோது, என்னைவிட அவருக்குத்தான் அடி பலம் என்று தெரிந்தது.

ஐப்பசிக் குளிரில் வால்ட்டரோடு மலைக்குப் போனார். வால்ட்டரின் துப்பாக்கி. ஊரில் நிலக்கடலைக்கு வருகிற பன்றியைச் சுட அண்ணனோடு போய்ப் பழகிய கைதான், குறி தப்பவில்லை. இறைச்சியை லாரியில் கொண்டுவந்து கராஜில் விரித்தபோது ஒரு முழு மாட்டை வெட்டிப் போட்டது போல இருந்தது. மானா, மாடா என்று கொஞ்சம் யோசித்தேன். கொம்பைப் பார்த்து மான் என்று முடிவு செய்துகொண்டேன். "எல்லாம் உங்களுடையது" என்றார் வால்ட்டர். எனக்குத் திக்கென்றது. ஒரு ஆள் சுட்டால் ஒரு ஆளுக்கா? இப்போது ஊரில் வேட்டைக்குத் தடை வந்துவிட்டது. அதற்கு முன்னால் பன்றி விழுந்தால் வீட்டுக்கு ஒரு கூறு போடுவார்கள். சுட்டவனுக்குத் தலை கூடுதல், அவ்வளவுதான். எந்தக் கூறு யாருக்கு என்பதற்கு ஆளுக்கொரு குறி கொடுக்க வேண்டும், பீடித்துண்டு, இலை, பொத்தான் எதுவானாலும். குறிகளைப் பார்க்காத ஒருவர் கூப்பிட்ட உடனே வந்து, கூறுக்கு ஒன்றாக வைத்துவிடுவார். ஊரில் இல்லாதவனுக்கும் கூறு உண்டு, அவன் வீட்டார் குறி கொடுப்பார்கள். யோசித்துப் பார்த்தால் நம்மூரில் மிருகம் விழுந்த பிறகு குலுக்கல். இங்கே மிருகம் காட்டில் மேய்ந்துகொண்டிருக்கும்போதே குலுக்கிவிடுகிறார்கள்.

நான் கூறு போட்டேன். தெருவில் இருக்கிற மற்ற மூன்று வீட்டையும் கூப்பிட்டேன். வால்ட்டர் சட்டைப் பொத்தானைப் பிய்த்துக் கொடுத்தார். பள்ளிக்கூட ஆசிரியை சுண்ணக்கட்டி கொடுத்தாள். இன்னொருவர் பாட்டில் மூடி. எங்கள் வீட்டுக்கு நான் ஒரு கிராம்பு. எல்லோரும் குழந்தைகள் மாதிரிச் சிரித்தார்கள். ஒரு கூறு மீதியிருந்தது. "இது யாருக்கு?" என்று வால்ட்டர் கேட்டார்.

"இவருடைய அண்ணனுக்கு."

"அவர் எங்கே இருக்கிறார்?"

"கொல்லங்கோடு."

"எப்போது வந்து எடுத்துக்கொள்வார்?"

"வர மாட்டார். இருந்தாலும் கூறு உண்டு" என்றேன். அதற்குக் குறியாக மேற்கு அறைச் சாவியைக் கிண்ணத்தில் போட்டேன். வேறெதையும் போட மனசு வரவில்லை. டோரிஸை உள்ளே நிறுத்திவைத்திருந்தேன். அவள் வந்து குறிகளை ஒவ்வொன்றாக வைத்தாள். அவரவர் கூறை அவரவர் எடுத்துக்கொண்டார்கள். நான் காப்பி போட உள்ளே போனேன். கடைசிக் கூறை டோரிஸ் வெள்ளைக் காகிதத்தில் அழகாகச் சுற்றி, ஒட்டி, கொல்லங்கோடு என்று தன் காதில் விழுந்த விதத்தில் எழுதி, பிரீசரின் அடியில் வைத்துவிட்டாள். சாவியும் உள்ளே. அதுவும் கூறோடு சேர்த்து அனுப்ப வேண்டியது என்று நினைத்துவிட்டாள். எனக்குத் தெரிந்தபோது பொட்டலம் கல்லாகியிருந்தது.

இவர் அண்ணனுக்கு எழுதினார். ஒன்று வா என்கிறது, ஒன்று இரு என்கிறது, மூன்றாவதைக் கேட்க ஏழு வருஷமாகும், அறையைப் பிள்ளைக்குக் கொடுத்துவிடுங்கள் என்று. எழுதும்போது பேனா நின்று நின்று போனது. பதில் வர ஒரு மாதமாயிற்று. மச்சாண்டார் பேசுகிற மாதிரியே எழுதியிருந்தார். "வாக்கு முடியறதுக்கு முன்னால ரூமைத் தொறக்கறது தப்பு. மூணாவது பூ வரட்டும். பிள்ளைக்கு மாடில ஓடு போட்டு ஒரு ரூம் எடுத்துப்போட்டோம்." பின்னால் கல்யாணமும் நடந்தது. அன்றைக்கும் மேற்கு அறையைத் திறக்கவில்லையாம். வீட்டுக் கதவுகளுக்கெல்லாம் சந்தனம் குங்குமம் வைத்தபோது அந்தப் பூட்டுக்கும் வைத்தார்களாம். அதைப் படித்துவிட்டு இவர் கராஜுக்குப் போய் வெகுநேரம் வரவில்லை. ஏழு வருஷத்துக்கு லீவை நீட்ட வழியில்லாததால் சர்க்கார் வேலையைப் பிறகு ராஜினாமா செய்தார். பெட்டி கட்டிலுக்கு அடியில் இருக்கிறது.

போன வாரம் டோரிஸ் என் பிரீசரை ஒழுங்குபடுத்த உதவினாள். அடியிலிருந்து அந்தப் பொட்டலத்தை எடுத்து, "இது ஒரு வருஷத்துக்கு மேலாகிவிட்டதே, இனி சாப்பிடக் கூடாது, எறிந்துவிடலாம்" என்றாள். நான் அதை அவள் கையிலிருந்து வாங்கி மறுபடி அடியில் வைத்தேன்.

"எதற்காக வைத்திருக்கிறாய்?" என்று கேட்டாள்.

"மூன்றாவது பூ வர வேண்டும்" என்றேன்.

அவள் திரும்பி ஜன்னல் வழியாகத் தோட்டத்தைப் பார்த்தாள். முழங்கால் உயரத்துக்குப் பனி கிடந்தது.