மாமாவின் கேசட்டில் விழுந்த இடி

போன மாதம் மகள் ஒரு ஹெட்போனை என் தலையில் மாட்டி, "ஹை ரெசல்யூஷன் ஆடியோப்பா, பாடுறவர் மூச்சு விடுறதுகூடக் கேக்கும்" என்றாள். சின்ன வயதில் சக்குபள்ளத்தில் மாமாவோடு கேட்ட ஆங்கில சாஃப்ட் ராக் ஆல்பத்தைத் தேடிப் போட்டேன். மூச்சு கேட்டது. கிடார் கம்பியில் விரல் உரசுவது கேட்டது. ஆனால் டிரம்ஸ் இறங்கும் இடம் வந்ததும் எனக்குப் பகீரென்றது. போதையில் படி இறங்குகிறவனைப் போல அது தள்ளாடி இழுக்க வேண்டும். இழுக்கவில்லை. காதில்தான் கோளாறு என்று முடிவுகட்டி, எந்த டாக்டரைப் பார்ப்பது என்பதுவரை யோசித்துவிட்டேன். பயப்படுவதில் எனக்கு அவ்வளவு அனுபவம்.

அந்த அனுபவம் சின்ன வயதில் ஒரு ஐப்பசியில் உச்சத்துக்குப் போனது. சக்குபள்ளத்து ஏலத்தோட்ட மலையில் அந்த மாதம் மத்தியானம் திரும்பினால் இடி. முதல் இடிக்கே கட்டிலடிக்குப் போய்விடுவேன். பள்ளிக்கூடத்தில் கட்டில் இல்லாததால் பள்ளிக்கூடம் போவதையே நிறுத்தினேன். அம்மா மந்திரித்த கயிறு கட்டினாள். கயிற்றோடு கட்டிலடியில் கிடந்தேன். இந்த வருஷப் படிப்பு அவ்வளவுதான் என்றார் அப்பா.

மாமாவுக்கு ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரில் வேலை. அவரிடம் இருந்த ஒரே இங்கிலீஷ் கேசட் அந்த ஆல்பம்தான். தினமும் சாயங்காலம் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். ஒருநாள் இடிக்கு நடுவே, பாட்டரி போட்ட டேப்ரிகார்டரோடு கட்டிலடிக்குத் தவழ்ந்து வந்தார்.

"மாப்ள, நான் கைய ஆட்டுனா பெட்டிக்குள்ள இடி விழும் பாரு."

ஆட்டினார். டிரம்ஸ் விழுந்தது.

"வீடு இருக்குதா?"

"இருக்கு."

"டவுசரு?"

பார்த்துவிட்டுச் சொன்னேன். "லேசா ஈரம்."

"அப்ப இன்னொரு தரம்."

பாட்டரி தீர்ந்துவிடுமே என்று கேசட்டை வெளியே எடுத்து, பேனாவைச் செருகிப் பின்னால் சுற்றுவார். மறுபடி இடி. மாதம் முழுக்க இதே வேலை. கடைசியில் கையாட்டும் பொறுப்பு எனக்கு வந்தது. வெளியே விழுந்த இடிக்கும் நானே ஆட்டினேன். அந்தத் தெம்பில் பள்ளிக்கூடம் போய் அங்கேயும் ஆட்ட, பதில் சொல்லத்தான் கை தூக்குகிறேன் என்று டீச்சர் எழுப்பிவிட்டார். அது வேறு வகைப் பயம்.

டிரம்ஸ் இழுக்க ஆரம்பித்தது அந்த மாதக் கடைசியில்தான். ஏன் என்று கேட்டேன். "இடிக்கு வயசாகுது மாப்ள" என்றார். நம்பினேன்.

இப்போது மாமாவுக்குப் போன் போட்டேன். "மாமா, அந்தப் பாட்டுல டிரம்ஸ் இழுக்கவே இல்ல."

"பாட்டு எங்க இழுத்துச்சு? நாடாதான் தேஞ்சு இழுபட்டுச்சு. டவுசரு எப்படி இருக்கு?"

வருகிற ஐப்பசிக்கு ஹெட்போனோடு சக்குபள்ளம் போகிறேன். அவர் அந்தப் பாட்டை முழுசாகக் கேட்டு எத்தனையோ காலமாகிறது. நான் பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய பிறகு மாமா அந்தக் கேசட்டைப் போடவே இல்லை. அலுத்துவிட்டது போலிருக்கிறது என்றுதான் அப்போது நினைத்தேன்.