ஆமணக்கு இலைச் சட்டை

காலையில் மீன் பெட்டிக்கு ஐஸ் வாங்கக் காசிமேட்டு ஐஸ் கம்பெனியில் நின்றேன்.

ஐஸ் பார் தள்ளும் செல்வி புதிதாக ஒரு சிவப்புச் சட்டை போட்டிருந்தாள். நெஞ்சில் கனடா கொடியில் இருக்கும் மேப்பிள் இலை. முதுகில், நான் பத்து வருடம் போனில் பார்த்துவந்த ஐஸ் ஹாக்கிக்காரியின் பெயர்.

கனடா அணியின் தடுப்பாட்டக்காரி அவள். கோல் போட்டது குறைவு. எதிரணி பாய்ந்து வந்தால் பின்பக்கமாகவே சறுக்கிப் போய் வழியை மறிப்பாள், அதுதான் அவள் வித்தை. இடது முட்டி போனதும் ஆட்டத்தை விட்டுவிட்டாள்.

ஒரு ஐஸ் பார் நழுவி என்னை நோக்கி வந்தது. செல்வி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஈரத் தரையில் பின்பக்கமாகவே சறுக்கி வந்து காலால் மறித்தாள்.

"எங்கடி கத்துக்கின?"

"யாரும் சொல்லித் தரலக்கா. பழைய துணி மூட்டைல இந்தச் சட்டய எடுத்தேன். போட்டதுலேர்ந்து காலு தானா பின்னால போவுது."

"இதப் போயி ஏன் எடுத்த?"

"ஆமணக்கு எல போட்டுக்கீதே. முட்டி வலிக்கு வதக்கிக் கட்டுற எல, நல்லதுதானே?"

"உனக்கு முட்டி வலியா?"

"சட்டய எடுக்கும்போது இல்ல. இப்போ ஒரு வாரமா, இந்த எடது முட்டி."

அது ஆமணக்கு இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. சட்டையைக் கழற்றிப் போடு என்று மட்டும் சொன்னேன்.

"கழட்டிட்டா ஐஸ்ல நிக்கவே வரலக்கா."

பதினைந்து வருடமாக அந்த ஐஸில்தான் நின்று வேலை செய்கிறாள்.

என்ன செய்யலாம், சொல்லுங்கள். கமெண்டில் முட்டி வலித் தைலத்தின் பெயர் எழுத வருபவர்கள் மட்டும் தயவுசெய்து வேண்டாம்.