ஆர்டிஸ் வீட்டுக் கரடிக் கம்பம்

எங்கள் ஏரிச்சாலையில் ஆர்டிஸ் ஹௌகனைப் போல அழகாக "வேண்டாம்" சொல்லத் தெரிந்தவள் யாருமில்லை. வடக்கு மின்னசோட்டாவில் பிறந்த எல்லோருக்கும் அது தாய்ப்பாலோடு வருகிற விஷயம்தான். காபி வேண்டுமா என்றால், வேண்டாம். மறுபடி கேட்டால், ஐயோ, உங்களுக்கு எதற்குச் சிரமம். மூன்றாம் முறை கேட்டால், சரி, இவ்வளவு சொல்கிறீர்களே, அரைக் கோப்பை மட்டும். முதல் தடவையே தலையாட்டுகிறவன் பறக்காவெட்டி. மூன்றாவது தடவையும் வேண்டாம் என்றால் அது நிஜமான வேண்டாம், அதற்குமேல் கேட்கிறவனுக்கு மரியாதை தெரியாது. ஆர்டிஸ் இதிலெல்லாம் எங்களைவிட ஒரு படி மேல். புருஷன் லைல் உயிரோடு இருந்தபோது, அவன் வாங்கிவந்த பிறந்தநாள் பரிசையே இரண்டு தடவை திருப்பிக் கொடுத்துவிட்டுத்தான் பிரிப்பாள்.

லைல் போய்ப் பல வருஷம் ஆகிவிட்டது. அவள் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறாள். வீட்டின் கீழ்த்தளத்தில் நீல், கர்ட்டிஸ் என்று இரண்டு பிள்ளைகள். பிள்ளைகள் என்றால் தாடி வைத்த பிள்ளைகள். இரண்டு பேரும் சோபாவில் படுத்தபடியே வேலை தேடுகிறார்கள். பக்கத்துவீட்டுக்காரி என்ற முறையில் நான் ஒருநாள் கேட்டேன், இவர்களை எப்போது வெளியே அனுப்பப்போகிறாய் என்று. குளிர் போகட்டும் லோயிஸ் என்றாள். எங்கள் ஊரில் குளிர் எப்போது போகிறது?

அவள் வீட்டுக்குப் பின்னால் சதுப்புநிலம். அங்கே ஒரு பெண் கரடி இருக்கிறது, நெஞ்சில் வெள்ளைத் திட்டு உள்ளது. ஜூன் பிறந்தால் அதைத் தேடிக்கொண்டு எங்கிருந்தோ ஓர் ஆண் கரடி வரும். வந்தால் நேரே போய்ப் பெண்ணைப் பார்க்கலாம் இல்லையா? பார்க்காது. ஆர்டிஸ் வீட்டுக் கொல்லையில் நிற்கிற மின்கம்பத்தைத் தேடி வரும். முதுகைக் கொடுத்துத் தேய்க்கும், கட்டிக்கொண்டு கடிக்கும், நகத்தால் பிய்க்கும். நான் வந்திருக்கிறேன், நான் எவ்வளவு பெரியவன் பார் என்று ஊருக்குச் சொல்வதற்கு அதற்குத் தெரிந்த வழி அதுதான். கம்பத்தோடு இறங்குகிற எர்த் கம்பியும் சேர்ந்து அறுந்துவிடும். மின் கூட்டுறவுச் சங்கத்திலிருந்து வில்ஹோ கார்வோனென் வண்டியைப் போட்டுக்கொண்டு வருவார்.

வில்ஹோ பின்லாந்துக்காரர் வம்சம், சரியான கல்லுளிமங்கன். வருஷத்துக்கு நாலு வாக்கியம் பேசினால் அதிகம். மனைவி இல்லை, பிள்ளை இல்லை. கரடி கடித்த கம்பங்களுக்குத் தகரம் சுற்றிவிட்டால் நகம் வழுக்கும், கரடி வெறுத்துப்போய் வேறு இடம் பார்க்கும். எங்கள் சாலையில் எல்லாக் கம்பத்துக்கும் தகரம் சுற்றினார். ஆர்டிஸ் வீட்டுக் கம்பத்துக்கு மட்டும் தகரம் தீர்ந்துபோய்விட்டது என்றார். நானும் நம்பினேன்.

இரண்டு வருஷத்துக்கு முந்தைய ஜூனில் அவர் அந்தக் கம்பத்தடியில் நின்று, ஆர்டிஸ் சுட்டுக்கொடுத்த ருபார்ப் பை என்கிற புளிப்புப் பலகாரத்தைத் தின்று முடித்து, தட்டைப் பார்த்துக்கொண்டே கேட்டாராம். தனியாகச் சாப்பிடுவது அலுப்பாக இருக்கிறது, உங்களுக்கும் அப்படி இருந்தால் இரண்டு பேரும் ஒரே இடத்தில் சாப்பிடலாமே என்று. அது கல்யாணத்துக்குக் கேட்பது என்று அவளுக்கும் புரிந்தது. வேண்டாம் என்றாள். மிச்ச வேலையை முடிக்க மறுபடி வந்தவர் மறுபடி கேட்டார். ஐயோ, உங்களுக்கு எதற்குச் சிரமம் என்றாள். அன்றைக்கு மதியம் என் சமையலறையில் உட்கார்ந்து சின்னப் பெண் மாதிரி சிரித்துக்கொண்டிருந்தாள். இன்னும் ஒரு தடவை கேட்டால் போதும் லோயிஸ் என்றாள்.

ஆனால் எர்த் கம்பி சரியாகிவிட்டது. வேலை இல்லாமல் ஒரு மனுஷன் ஒருத்தி வீட்டுக்கு எப்படிப் போவான்? எங்கள் பக்கம் அந்த வழக்கமே கிடையாது. சர்ச்சில் பார்த்துக்கொண்டால் மழையைப் பற்றிப் பேசினார்கள். ஜூனில் சேர்ந்த கரடிக்குக் கரு உடனே ஒட்டாது, வயிற்றுக்குள் சும்மா மிதந்துகொண்டே கிடக்கும். இலையுதிர்காலம் முடிவதற்குள் தாய்க்கு உடம்பில் கொழுப்பு ஏறியிருந்தால்தான் தங்கும். வில்ஹோவின் கேள்வியும் அப்படி மிதந்துகொண்டு கிடந்தது.

அந்தக் கரடிக்குத் தங்கியது. குளிர்காலத்தில் குகைக்குள் குட்டி போட்டு, வசந்தத்தில் இரண்டு குட்டிகளோடு வெளியே வந்தது. ஐயோ பாவம், ஆர்டிஸ் அதைப் பார்த்து சந்தோஷப்பட்டாள். பிறகுதான் எங்களுக்கு உறைத்தது. பால் குடிக்கிற குட்டி இருக்கிற வருஷம் பெண் கரடி எந்த ஆணையும் கிட்டே சேர்க்காது. ஆண் வராவிட்டால் கம்பம் கடிபடாது. கம்பம் கடிபடாவிட்டால் வில்ஹோ வரமாட்டார்.

அவள் பன்றிக் கொழுப்பை வாங்கிக் கம்பத்தில் பூசினாள். குட்டிகள் வந்து நக்கிவிட்டுப் போயின. கடைசியில் ஒரு பட்டப்பகலில், சருகு வாருகிற இரும்பு வாரியை எடுத்து அந்தக் கம்பத்தை அவளே பிறாண்டுவதை என் ஜன்னலிலிருந்து பார்த்தேன். தலையில் அடித்துக்கொண்டேன். சங்கத்துக்குப் போன் செய்தாள். வில்ஹோவுக்கு அன்று விடுப்பு. வேறு ஓர் ஆள் வந்தான். கம்பத்தைத் தடவித் தடவிப் பார்த்தான்.

"ஒரு கையில பதினாலு நகம் இருக்கிற கரடிய நான் இன்னும் பாத்ததில்லீங்க," என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான். போகிற போக்கில் இன்னொன்றும் சொன்னான். அடுத்த ஜூனோடு வில்ஹோ ஓய்வு பெறுகிறாராம். அரிசோனாவில் அக்கா வீட்டுக்குப் போகப்போகிறாராம். அது பாலைவனம், எங்கள் சதுப்புக் கரடி அங்கே எட்டிக்கூடப் பார்க்காது. அந்தக் குளிர்காலம் முழுக்க ஆர்டிஸ் சரியாகச் சாப்பிடவில்லை. எனக்கு அந்தக் கரடிமேல் பற்றிக்கொண்டு வந்தது.

சர்ச்சின் கீழ்த்தளத்தில் காபிக்குக் கூடுகிற பெண்களுக்கு விஷயம் எப்படியோ தெரிந்துவிட்டது. அங்கே ஒரு பெரிய வழக்கு எழுந்தது. பழைய இரண்டு வேண்டாமும் இன்னும் செல்லுமா, காலாவதியாகிவிட்டதா? ஒரு பனிக்காலம் தாண்டினால் எல்லாம் முதலிலிருந்துதான் என்று ஒரு கட்சி. சொன்னது சொன்னதுதான் என்று இன்னொரு கட்சி. போதகரிடம் கேட்டதற்கு, வேதத்தில் இதற்கு நேரான வசனம் இல்லை என்று நழுவிவிட்டார். ஆர்டிஸ் முதல் கட்சியில் சேர்ந்துவிட்டாள். நான் ஒருத்தி எதிர்த்துப் பேசியிருக்கலாம், பேசினாலும் கேட்டிருக்கமாட்டாள்.

இந்த ஜூனும் வந்தது. பெண் கரடி, கூடவே வளர்ந்த குட்டிகளை ஒருநாள் காலையில் உறுமித் துரத்தியது. நேற்றுவரை கட்டிக்கொண்டு தூங்கிய பிள்ளைகள். இரண்டும் கொல்லையிலிருந்த பிர்ச் மரத்தில் ஏறிக்கொண்டு, என்ன தப்பு செய்தோம் என்கிற மாதிரி பார்த்தன. மறுநாளே ஆண் கரடி வந்து கம்பத்தைக் கடித்துக் குதறியது. எனக்குக் கைதட்டவேண்டும்போல் இருந்தது.

வில்ஹோ வந்தார். அவருக்கு அது கடைசி வாரம். நானும் ஆர்டிஸும் பின்வாசலில் பலகாரத் தட்டும் கையுமாக நின்றோம். அவர் கம்பத்தடியில் மண்டிபோட்டுக் கம்பியை முறுக்கிக்கொண்டிருந்தபோது சதுப்பிலிருந்து பெண் கரடி நடந்து வந்தது, பின்னாலேயே ஆண். வில்ஹோ ஆணி வைத்த பூட்ஸோடு அப்படியே கம்பத்தின் உச்சிக்குப் போய்விட்டார். கரடிகள் அவரைப் பொருட்படுத்தவேயில்லை. கம்பத்தடியிலேயே ஆண் பெண்ணைப் பின்னாலிருந்து கட்டிப்பிடித்துக் கழுத்தைக் கவ்வியது. இதெல்லாம் சட்டென்று முடிகிற காரியமில்லை. அரைமணி நேரம்கூட ஆகும். நடுநடுவே பெண் கரடி புல்லைத் தின்றுகொண்டிருந்தது. கீழ்த்தளத்து ஜன்னலில் இரண்டு தாடி தெரிந்தது.

மேலேயிருந்து வில்ஹோ தொண்டையைக் கனைத்தார்.

"ஆர்டிஸ், நான் அன்னைக்கிக் கேட்டது. இப்பவும் அதேதான்."

"ஐயோ, வேணாம் வில்ஹோ," என்றாள் அவள், முகமெல்லாம் சிரிப்பாக.

"சரி," என்றார் அவர். பிறகு ஏரிப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அடிப் பாவி, அது மூணாவதுடி," என்றேன்.

"இல்ல லோயிஸ், முதல்லேருந்துதான..."

"அவரு அந்தக் காபிக் கூட்டத்துலயா உக்காந்திருந்தாரு? அவரு மூஞ்சியப் பாரு."

அவள் பார்த்தாள். அவர் இனிமேல் கேட்கமாட்டார். எங்கள் ஊர்க்காரன் எவனும் கேட்கமாட்டான். கரடிகள் போனதும் இறங்கி, வண்டியில் ஏறி, அரிசோனாவுக்குப் போய்விடுவார். தட்டை என்னிடம் கொடுத்துவிட்டு அவள் ஒரு படி கீழே இறங்கினாள்.

"வில்ஹோ, இப்ப நான் கேக்கறேன். இங்கயே வந்து இருங்க."

இந்தச் சாலையில் எந்தப் பெண்ணும் அப்படிக் கேட்டது கிடையாது. ஆண் கரடிகூட ஒரு கணம் தலையைத் தூக்கியது. கம்பத்தின் மேல் அவர் காது சிவந்துபோனது.

"வேணாம் ஆர்டிஸ்," என்றார்.

எல்லாம் முடிந்தது என்று நான் நினைத்தேன். ஆர்டிஸுக்கோ முகத்தில் உயிர் வந்துவிட்டது. இந்தப் பாஷை அவளுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். அதற்குள் ஜன்னலிலிருந்து கர்ட்டிஸ் கத்தினான்.

"அம்மா, அவரு இங்க வந்துட்டா நாங்க எங்க போறது?"

அவள் கையை நீட்டிப் பிர்ச் மரத்தைக் காட்டினாள். ஜன்னல் சாத்திக்கொண்டது.

"வில்ஹோ, நெசமாத்தான் கேக்கறேன்."

"ஐயோ, உங்களுக்கு எதுக்குச் சிரமம்."

அந்த நேரம் பார்த்துக் கரடிகளுக்கு வேலை முடிந்தது. இரண்டும் உடம்பைச் சிலுப்பிக்கொண்டு, முன்னும் பின்னுமாகச் சதுப்புக்குள் போய்விட்டன. இன்னும் கொஞ்சம் இருந்து தொலைத்தால் என்ன என்று நான் திட்டினேன். வழி காலியாகக் கிடந்தது. வண்டி பக்கத்திலேயே நின்றது. ஆர்டிஸ் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அவர் இறங்கவில்லை. கரடி போன திசையைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார். கம்பத்தை இன்னும் கொஞ்சம் இறுக்கிக் கட்டிக்கொண்டார்.

ஆர்டிஸ் புல்லில் நடந்து கம்பத்தடிக்குப் போனாள். அண்ணாந்து ஏதோ சொன்னாள், மெதுவாகச் சொன்னதால் எனக்குக் கேட்கவில்லை. அவர் சொன்னது மட்டும் கேட்டது.

"சரி. இவ்ளோ சொல்றீங்களே."

அப்புறம், அவர் ஒவ்வோர் அடியாக இறங்கி வந்து, தொப்பியைக் கழற்றி, அவள் காலடியைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"தகரம் வண்டியிலதான் இருக்கு. எப்பவும் இருந்துச்சு. இன்னைக்குச் சுத்திடறேன்."