அமாவாசைக்கு ஆலங்குடி போன கேசட்

எங்கள் வீட்டில் விளையாடுவது மகள். அதற்குச் சந்தா கட்டுவது நான். இந்த வேலைப் பிரிவினையில் இருவருக்கும் குறையில்லை. சந்தா தவறாமல் போய்க்கொண்டிருந்தால், தொலைக்காட்சிக்குக் கீழே படுத்திருக்கும் அந்தக் கறுப்புப் பெட்டி எடுக்க எடுக்கத் தீராத விளையாட்டுகளைத் திரையில் அடுக்கிக் காட்டும். போன வாரம் அதில் ஒரு படத்தின் மூலையில் சின்னதாக ஒரு கடிகாரம் முளைத்திருந்தது. என்னவென்று கேட்டேன்.

"அது மாசக் கடைசியில போயிரும்ப்பா."

"போயிருமா? எங்க?"

மகளுக்குப் பொறுமை உண்டு. பெற்றோரை வைத்துப் பழகியவள். விளையாட்டைச் செய்தவர்கள் வேறு, நம்மிடம் சந்தா வாங்குகிறவர்கள் வேறு என்று ஆரம்பித்தாள். இவர்கள் அவர்களிடம் ஒரு காலத்துக்கு உரிமை எடுத்து நமக்குத் திறந்துவிடுகிறார்கள். காலம் முடிந்தால் அது கிளம்பிவிடும், அந்த இடத்துக்கு வேறொன்று வரும். குத்தகை வயல் மாதிரி என்று நானாகப் புரிந்துகொண்டேன்.

"நீ பாதி ஆடி வச்சிருக்கியே, அது?"

"அது சேவ் ஆகி அப்படியே இருக்கும். கேம் திரும்பி வந்தா விட்ட எடத்துலேர்ந்து ஆடலாம். அவசரம்னா தனியா வெலைக்கு வாங்கிக்கலாம். அதுவரைக்கும் வீடு பூட்டிக் கெடக்கும், சாமானெல்லாம் உள்ள இருக்கும். சாவி மட்டும் நம்மகிட்ட இருக்காது."

"சரி, உள்ள இருக்கிற ஆளு?"

மகள் என்னை, பழுது பார்ப்பது வீண் என்று முடிவான கைப்பேசியைப் பார்ப்பதுபோல் பார்த்தாள். எனக்கோ உள்ளங்கை வேர்த்துவிட்டது. நரை வந்த ஒருவன் பொம்மைக் கடிகாரத்தைப் பார்த்து வேர்ப்பதற்கு ஒரு காரணம் வேண்டுமல்லவா? அந்தக் காரணம் கறம்பக்குடியில் இருக்கிறது.

அப்போது நான் ஏழாவது படித்தேன். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், உரக்கடையின் ஒரு பகுதியைத் தட்டி வைத்துத் தடுத்து, வீடியோ கேம் கடை வந்திருந்தது. நடத்தியவரைக் கடைக்கார அண்ணன் என்போம். அவருக்கு ஆலங்குடியில் ஒரு பங்காளி, பட்டுக்கோட்டையில் ஒரு பங்காளி. மூவருக்கும் நிலத்தில் தகராறு, கோயில் முதல் மரியாதையில் தகராறு. கேசட் விஷயத்தில் மட்டும் ஒற்றுமை. கேசட்டுகளை மூன்று பங்காகப் பிரித்துக்கொண்டு, அமாவாசைக்கு அமாவாசை கடையை மூடிவிட்டு ஒருவருக்கொருவர் மாற்றிக்கொள்வார்கள். எங்களுடையது ஆலங்குடிக்குப் போகும், ஆலங்குடியுடையது பட்டுக்கோட்டைக்கு, பட்டுக்கோட்டையுடையது எங்களுக்கு. ஒரு கேசட்டும் புதிதாக வாங்காமல், மூன்று ஊர்ப் பிள்ளைகளுக்கும் மாதாமாதம் புதுக்கடை. மாதக் கட்டணம் செலுத்தும் 'மெம்பர்' அந்த மாதம் கடையில் இருப்பதில் எதை வேண்டுமானாலும் ஆடலாம். கிளம்பப்போகும் கேசட்டுகளில் இரண்டு நாள் முன்னதாகவே சிவப்பு நூல் கட்டிவிடுவார் அண்ணன். இன்றைக்கு உலகம் முழுவதும் பெரிய பெரிய ஆட்கள் கோட்டுப் போட்டுக்கொண்டு செய்யும் தொழில் இதுதான். நூலுக்குப் பதில் கடிகாரம், அவ்வளவே வித்தியாசம்.

மற்ற கேசட்டுகளில் ஆட்டத்தை நிறுத்தினால் கதை முடிந்தது; மறுநாள் முதலிலிருந்து ஆட வேண்டும். ஒன்றே ஒன்று மட்டும் வேறு சாதி. வாளோடு ஒரு சின்ன ஆள் குகை குகையாகப் போவான். எழுத்தெல்லாம் ஏதோ தூர தேசத்து எழுத்து, ஒருவருக்கும் புரியாது. ஆனால் அந்தக் கேசட்டுக்குள் ஒரு பேட்டரி இருந்தது. ஆளுக்கு ஒரு பெயர் வைத்துவிட்டால், விட்ட இடத்தில் அவன் காத்திருப்பான். அணைக்கும்போது ரீசெட் பட்டனை அழுத்திப் பிடித்துக்கொண்டுதான் பவரை அணைக்க வேண்டும். "இல்லாட்டி உள்ள இருக்கிற ஆளு காலி. பேட்டரியிலதான்டா அவன் உசுரு இருக்கு" என்பார் அண்ணன்.

பெயர் வைக்கும் இடத்தில் மட்டும் ஆங்கில எழுத்து; அதுவும் நான்குதான் கொள்ளும். என் பெயர் அதில் அடங்கவில்லை. அப்பா பெயர் கச்சிதமாக அடங்கியது. வைத்துவிட்டேன். பின்னால் வந்த வினையெல்லாம் இந்தச் சிக்கனத்தால் வந்தது.

அப்பா வளைகுடாவில் லாரி ஓட்டினார். வெள்ளிக்கிழமை சாயங்காலம் எங்கள் தெரு முனை எஸ்.டி.டி. பூத்துக்கு அவருடைய போன் வரும். அன்று அம்மா முகம் கழுவி, பூ வைத்து, கத்தரிப்பூ நிறச் சேலை ஒன்றைக் கட்டிக்கொண்டு போவாள். குரல் மட்டும் போகும் கம்பியில் சேலை எப்படித் தெரியும் என்று நான் கேட்டிருக்கிறேன். "வாய மூடிக்கிட்டு வாடா" என்பது பதில். அதை நான் போன் சேலை என்றே அழைத்தேன். வேறு எதற்கும் அவள் அதை எடுத்துக் கட்டியதில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை போன் வரவில்லை. அடுத்த வெள்ளியும் வரவில்லை. கடிதம் நின்றது. பூத்துக்காரர் எங்களைப் பார்த்தால் கல்லாவைத் துடைக்க ஆரம்பித்தார். சித்தப்பா வந்து வாசலிலேயே நின்று அம்மாவிடம் தணிந்த குரலில் பேசிவிட்டுப் போனார். நான் பக்கத்தில் போனால் பேச்சு மழை பற்றி மாறியது. மழையே இல்லாத மாதம் அது.

எனக்கு மட்டும் காரணம் தெரிந்திருந்தது. முதல் தடவை போன் வராத அன்றுதான், நான்காவது குகையில் என் ஆள் வௌவால்களிடம் மாட்டினான். திரையின் மேல் வரிசையில் இருந்த சிவப்பு இதயங்கள் ஒவ்வொன்றாக வெளுத்து, ஒன்றே ஒன்று மிஞ்சியது. அது மிஞ்சினால் பெட்டி விடாமல் 'பீப் பீப்' என்று கத்தும். பயந்துபோய் அப்படியே சேவ் செய்து, ரீசெட்டை அழுத்திப் பிடித்து அணைத்துவிட்டேன். பெயர்ப் பட்டியலில் அப்பாவின் நான்கெழுத்து, பக்கத்தில் ஒற்றை இதயம். அணைத்த பிறகும் அந்தச் சத்தம் என் காதில் ஓயவில்லை.

விஞ்ஞானப் பாடத்தில் நான் கெட்டிக்காரன். ஆகவே விஞ்ஞான முறைப்படி யோசித்தேன்: ஆடினால்தானே சாவான்? யாரும் ஆடாவிட்டால் ஒற்றை இதயத்தோடு எத்தனை காலமும் இருக்கலாம். பள்ளிக்கூடம் விட்டதும் கடைக்கு ஓடி, அந்தக் கேசட்டை எடுத்துத் தொடைக்கு அடியில் வைத்து அடைகாக்க ஆரம்பித்தேன். கேட்டவர்களிடம் ஷாக் அடிக்கிறது என்றேன். மாதக் கட்டணம் கட்டி, ஆடாமல் உட்கார்ந்திருந்த ஒரே மெம்பர் அந்தக் கடையின் வரலாற்றில் நானாகத்தான் இருப்பேன். கரண்ட் போகும்போதெல்லாம், கேசட் பெட்டியில் செருகப்படாமல் என் தொடைக்கு அடியில்தான் இருக்கிறது என்று தெரிந்தும், அதைத் தொட்டுத் தடவிப் பார்த்துக்கொள்வேன்.

ஒரு நாள் போனபோது கேசட்டில் சிவப்பு நூல் கட்டியிருந்தது.

"அண்ணே, இத மட்டும் இங்கயே வச்சுக்கங்கண்ணே."

"ஏன்டா, நீதான் ஷாக் அடிக்குதுன்ன?"

"இப்ப அடிக்கல."

"முறைன்னா முறைதான். ஒனக்காக நிறுத்துனா, ஆலங்குடிக்காரன் வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு வந்துருவான். அங்கிட்டுப் போயி, பட்டுக்கோட்டை போயி, இங்கிட்டுத்தான வரும்? அப்ப ஆடு."

"உள்ள இருக்கிற ஆளு?"

"உள்ள இருக்கிறது உள்ளதான் இருக்கும். எவனாச்சும் ஆடுனா ஆடுவான், அழிச்சா அழிப்பான். நீ என்ன கேசட்ட வெலைக்கா வாங்கிருக்க?"

அமாவாசை வந்தது. கேசட் போனது. ஆலங்குடியில் எனக்குத் தெரிந்த பையன்கள் யாரும் இல்லை. ஆகவே தெரியாத பையன்கள் எத்தனை பேர் வேண்டுமானாலும் என் மனத்தில் வந்தார்கள். எல்லாரும் தடியர்கள். எல்லாரும் ரீசெட்டை அழுத்தாமல் பவரை அணைக்கிறவர்கள். சோற்றில் கை வைத்தால் 'பீப் பீப்' கேட்டது. வாசலில் தபால்காரர் சைக்கிள் மணி கேட்டால் கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன்; அவர் கடந்து போய்விட்டால் வாசலுக்கு ஓடி அவர் முதுகையே பார்த்துக்கொண்டு நின்றேன். கடைசியில் காய்ச்சல் கண்டது. கஷாயம் கொண்டுவந்த அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

பளாரென்று ஓர் அறை விழுந்தது. "அப்பன் பேரையாடா வெளையாட்டுச் சாமானுக்கு வப்ப? எரும! ஒனக்கெல்லாம் படிப்பு ஒரு கேடு!"

கஷாய டம்ளரைக் கையிலேயே வைத்துக்கொண்டு நெடுநேரம் உட்கார்ந்திருந்தாள். எழுந்து போகும்போது, "எத்தன மிச்சம் இருந்துச்சுன்ன?" என்று கேட்டாள்.

"ஒன்னும்மா."

மறுநாள் காலையில் என்னை எழுப்பி, நெற்றியைத் தொட்டுப் பார்த்து, "கெளம்பு. ஆலங்குடியில பெரியம்மாவப் பாத்துட்டு வந்துருவோம்" என்றாள். போன் சேலையில் இருந்தாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. தெய்வமே பஸ் பிடித்துக் கொடுத்ததுபோல் இருந்தது. பெரியம்மா வீட்டில் அம்மாவை உட்கார வைத்துவிட்டு நைசாகக் கடைக்கு ஓடிவிடலாம் என்று வழியெல்லாம் திட்டம் போட்டேன். பஸ் ஒவ்வொரு நிறுத்தத்திலும் ஆட்களோடு ஆட்டுக்குட்டிகளையும் வாழைத்தார்களையும் ஏற்றி இறக்கி, எங்கள் அவசரம் தெரியாமல் போனது. அம்மா வழியில் வந்த கோயில் ஒன்று விடாமல் கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

ஆலங்குடியில் இறங்கியதும் என் திட்டத்துக்கு வேலையே இல்லாமல் போயிற்று. "அந்தக் கடை எங்கிட்டுடா இருக்கு?" என்றாள் அம்மா. இதையும் பார்த்துவிட்டுப் பெரியம்மா வீட்டுக்குப் போகலாம் என்பதாக எண்ணிக்கொண்டேன். விசாரித்துக்கொண்டு போனோம்.

அது ஒரு சைக்கிள் கடை மாடி. திரைச்சீலையை விலக்கி அம்மா தலையை நீட்டியதும், உள்ளே இருந்த பையன்கள் அனைவரும் பரீட்சை ஹாலில் பிடிபட்டவர்கள்போல் எழுந்து நின்றார்கள். அந்தக் கடையில் அதுவரை ஒரு தாயும் அடிப்பதற்கு அல்லாமல் நுழைந்ததில்லை என்று தோன்றியது.

"யாரத் தேடுறீங்கக்கா?" என்றார் ஆலங்குடிப் பங்காளி.

அம்மாவுக்கு எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. என்னை முன்னால் தள்ளினாள். நான் கேசட்டைச் சொன்னேன். அது பெட்டியில்தான் செருகியிருந்தது. அதன் முன்னால், நான் கற்பனை செய்ததைவிடப் பெரிய தடியன் ஒருவன் உட்கார்ந்திருந்தான். மீசை அரும்பியிருந்தது. அவன் வேறொரு பெயரில் ஆடிக்கொண்டிருந்தான்.

நான் அந்த நான்கெழுத்தைச் சொன்னேன்.

"அட, அவனா?" என்று அவன் பவரை நோக்கிக் கையை நீட்டினான்.

"ரீசெட்டு!" என்று கத்தினேன். அதே கணத்தில் என் தோளில் ஏதோ கொத்தியது. அம்மாவின் கை. நகம் சட்டையைத் தாண்டி உள்ளே இறங்கியது. நேற்றைய அறைக்கு மிச்சம் வைத்திருந்ததை இப்போது கொடுக்கிறாள் போலும் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

"எனக்குத் தெரியாதாடா? நான் என்ன கறம்பக்குடியா?" என்று சொல்லிவிட்டு, அவன் ஒரு கையால் ரீசெட்டை அழுத்திப் பிடித்து, மறு கையால் அணைத்து, மறுபடி போட்டான். திரை கறுத்தது. கறுத்தபடியே இருந்தது. பிறகு பெயர்ப் பட்டியல் வந்தது.

அப்பா இருந்தார். பக்கத்தில் இதயங்கள் வரிசையாக, முழுசாக, சிவப்பாக.

"சாகக் கெடந்தான்க்கா," என்றான் தடியன், இப்போது அம்மாவைப் பார்த்து. "ஒத்த உசுரு. பாக்கவே பாவமா இருந்துச்சு. அழிச்சுட்டுப் புதுசா ஆடலாம்னுதான் எல்லாப் பயலும் சொன்னானுங்க. நான்தான் குகையிலேர்ந்து நைசா வெளிய கூட்டியாந்து, ஊத்துல தண்ணி குடிக்க வச்சேன். அவன் கையில வச்சிருந்த காசு பூரா செலவாயிருச்சு, அதான்..." என்று தலையைச் சொறிந்தான்.

"காசு கெடக்கு, போவுது தம்பி," என்றாள் அம்மா. கண் திரையிலேயே இருந்தது. "ஆளு நல்லா இருந்தாப் போதும்."

வாசலுக்கு வந்தவள் திரும்பிப் போய், அந்தத் தடியனின் தலையில் கை வைத்து, "நல்லா இருப்பா" என்றாள். அவன் நண்பர்கள் அவனை அதற்கு எத்தனை நாள் கேலி செய்தார்களோ தெரியாது.

சில வாரம் கழித்து அப்பா வந்துவிட்டார். பெட்டி இல்லை, போர்வை இல்லை, பாதி உடம்பு இல்லை. வேலை போய், மஞ்சள் காமாலையில் விழுந்து, யாருடைய அறையிலோ கிடந்திருக்கிறார். பக்கத்து அறை மலையாளத்துக்காரர் ஒருவர், முன்பின் தெரியாதவர், கஞ்சி கொடுத்து எழுப்பிவிட்டிருக்கிறார். சம்பாதித்த காசெல்லாம் மருந்துக்கும் டிக்கெட்டுக்கும் போயிற்று. இதைக் கேட்டபோது எனக்கு ஆச்சரியமே ஏற்படவில்லை. ஆலங்குடியில் முன்பே பார்த்த ஆட்டம்தானே! யாருக்குக் காமாலை வந்தாலும் யாரோ ஒருவர் கஞ்சி கொடுக்கத்தான் செய்வார், காசும் கரையத்தான் செய்யும் என்பதெல்லாம் வளர்ந்த பிறகு வந்த அறிவு. அன்றைக்கு, அப்பாவைக் காப்பாற்றிய புகழை அந்தத் தடியனோடு பாதிப் பாதியாகப் பங்கிட்டுக்கொள்ளும் பெருந்தன்மை மட்டும் எனக்கு இருந்தது.

கேசட்டைப் பார்த்துவிட்டு ஆலங்குடியிலிருந்து திரும்பிய அன்று, பஸ் புறப்படப் போகிற நேரத்தில்தான் எனக்கு ஞாபகம் வந்தது.

"பெரியம்மா வீட்டுக்குப் போகலையாம்மா?"

"அவ ஊர்ல இல்லடா."

அது உண்மைதான். பெரியம்மா பொங்கலுக்கு முன்பே குடும்பத்தோடு திருப்பூருக்குக் குடிபோய்விட்டாள். சாமான் ஏற்றிய லாரிக்குக் கையாட்டி வழியனுப்பியவர்களில் நானும் ஒருவன்; ஆலங்குடி என்று காதில் விழுந்ததும் அது எனக்கு மறந்தே போயிருந்தது. அப்படியானால், ஊரிலேயே இல்லாத பெரியம்மாவைப் பார்க்க அம்மா எதற்காகப் போன் சேலையைக் கட்டிக்கொண்டு அவ்வளவு தூரம் வந்தாள் என்று நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. தோள் எரிந்துகொண்டிருந்தது, ஆனால் ஜன்னலோர இடம் கிடைத்திருந்தது.